கதவ சாத்து, காத்து வருது

கண்ணாடி என்பது எதிரே நிற்பவரைக் காட்டுவதற்கு என்று உலகம் நம்பிக்கொண்டிருக்கிறது. ஒலிப்பதிவுக் கூடத்தின் நடுவே நின்ற அந்தக் கனத்த கண்ணாடியோ, இருபது ஆண்டுகளுக்கும் மேலாக ஒருத்தியை மறைப்பதற்கே பயன்பட்டு வந்தது.

அவள் இந்தப் பக்கம். அவளுடைய இசை அந்தப் பக்கம்.

சென்ற வாரம் நடந்ததை யாரும் மறந்திருக்க முடியாது. புதிய படத்தின் இயக்குநரான இளம்பெண், மெட்டுக் கேட்பதற்காக, எல்லோரும் மாஸ்டர் என்றழைக்கும் இசையமைப்பாளரின் வீட்டுக்கு வந்தாள். கேட்டாள், கண் கலங்கினாள், மூலையில் நாற்காலியில் இருந்தவளைப் பார்த்து இவர் யார் என்று வினவினாள். மாஸ்டர் இமைக்காமல் விடை சொன்னார்.

"என் தங்கச்சி. துணைக்கு வந்திருக்கு."

துணைக்கு. நான்கே எழுத்து. ஒரு வாழ்க்கையை நாற்காலியோடு சேர்த்து மூலைக்குத் தள்ளிவிட நான்கே எழுத்துப் போதும் என்பதை, அருகில் நின்ற அவளுடைய மகள் அன்றுதான் உணர்ந்தாள். அந்த மெட்டைப் போட்டவளே அந்தத் துணைதான் என்பது, அந்த அறையில் இயக்குநரைத் தவிர எல்லோருக்கும் தெரியும்.

இன்று அந்த மெட்டுக்கு ஒலிப்பதிவு. இன்று சரியாக வந்தால் படம் முழுமைக்கும் பின்னணி இசை இவர்களுக்கே.

*

காலையில் வீடு பறந்துகொண்டிருந்தது.

அவள் கணவர் தபால்காரர். பையை மாட்டிக்கொண்டு புறப்பட்டவர், வழக்கம்போல் வாசற்கதவை விரியத் திறந்து போட்டுவிட்டுப் படியிறங்கிப் போய்விட்டார். சமையலறையிலிருந்து அவள் குரல் கொடுத்தாள். குரலா அது? பாட்டு.

"கதவ சாத்து, காத்து வருது."

"ஊர்க் கதவையெல்லாம் தட்டுற மனுஷனுக்கு, சொந்தக் கதவ சாத்தத் தெரியலை" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, அவளே வந்து சாத்தினாள்.

மெட்டுக்குக் கவிஞர் எழுதித் தரும் வரை இடத்தை நிரப்பிவைக்கும் வெற்றுச் சொற்களை அந்தத் தொழிலில் டம்மி என்பார்கள். மற்றவர்கள் தானனா தன்னானா என்று நிரப்பிக்கொள்வார்கள். இவளுக்கு அந்தப் பொறுமை கிடையாது. கையில் கரண்டி இருந்தால் கரண்டி, காய்வது துணி என்றால் துணி. தொலைக்காட்சியில் கொடுமைக்கார மாமியார் புருவத்தைத் தூக்கும்போதெல்லாம் ஒலிக்குமே மூன்று சுரம், கேட்டதும் தெருவே பல்லைக் கடிக்குமே, அது பிறந்தபோது அதற்கு வார்த்தை 'எங்கே சீப்பு'. செய்திக்குப் பின் வானிலை அறிக்கைக்கு முன் வரும் இசைக்கு வார்த்தை 'குடை எடுத்துக்கோ'. ஓடாத படங்களுக்கும் ஓடிய தொடர்களுக்கும், பிஸ்கட்டுக்கும் பற்பசைக்கும் அவள் போட்ட மெட்டுகளை முணுமுணுக்காத வாய் இல்லை. இதைப் போட்டது யார் என்று கேட்ட வாய்தான் இல்லை.

இந்தப் புதிய மெட்டோ கணவர் திறந்துபோட்ட கதவிலிருந்து பிறந்தது. கதவ, சாத்து, காத்து, வருது. நான்கு சொல், நான்கு அடி.

மகள் அதே கூடத்தில் ஒலிப்பதிவுப் பொறியாளர். மேசை நிறையப் பொத்தான்களோடு புழங்குகிறவள் என்பதால் மாமா அவளுக்கு வைத்த பெயர் 'பொத்தான்'. அவள் ஷூவின் கயிற்றைக் கட்டிக்கொண்டே தொடங்கினாள்.

"இன்னைக்கு நீ உள்ள போய் நிக்கணும்மா."

"நின்னா?"

"நின்னா பாட்டு யாரோடதுன்னு தெரியும்."

"பாட்டு தெரிஞ்சா போதாதா?"

"போதும்னா, மாமா வீட்டுலேருந்து வந்ததும் கழுவின பாத்திரத்தையே திரும்பத் திரும்ப ஏன் கழுவிக்கிட்டு இருந்தே?"

 தாய் சேலையின் மடிப்பைச் சரிசெய்வதுபோல் குனிந்துகொண்டாள்.

"அண்ணனை இறக்கிட்டு நான் ஏறணுமா, பொத்தான்?"

"யாரையும் இறக்கச் சொல்லலை. உன் இடத்துல நீ நில்லுன்னு சொல்றேன்."

*

அந்த இடம் எப்படிப் பறிபோனது என்பதைச் சொல்லியாக வேண்டும்.

அண்ணனும் தங்கையும் சேர்ந்தே அந்தத் தொழிலுக்குள் வந்தார்கள். முதல் ஒலிப்பதிவில் வாத்தியக்காரர்கள் முன் நின்று கை காட்ட அவளே எழுந்தாள். முன்வரிசை வயலின்காரர் வில்லை மடியில் வைத்துவிட்டு, ஒரு பொண்ணு கை காட்டி நாங்க வாசிக்கணுமா என்று கேட்டார். கேட்டவர் ஒருவர்தான், சிரித்தவர்கள் எல்லோரும்.

அன்று பொழுது போய்க்கொண்டிருந்தது. ஆகவே ஓர் ஏற்பாடு. அண்ணன் உள்ளே நிற்பார். அவள் கண்ணாடிக்கு இப்புறம் சோபாவில் அமர்ந்து, சின்ன மைக்கில் தாளம் எண்ணுவாள். அது அண்ணனின் ஹெட்ஃபோனில் மட்டும் கேட்கும். கேட்டபடி அவர் கையை அசைப்பார். அன்று ஒரு நாளைக்கு மட்டும்.

அந்த ஒரு நாள் முடியவேயில்லை! ஒரு பொழுதுக்குச் செய்த ஏற்பாடு வழக்கமாயிற்று, வழக்கம் வாழ்க்கையாயிற்று. சிறைக்குச் சுவர் வேண்டும், பூட்டு வேண்டும், காவலன் வேண்டும் என்று எண்ணுகிறோம். ஒரு சோபா போதும்.

*

கூடத்துக்கு மாஸ்டர் முன்னதாகவே வந்துவிட்டிருந்தார். வெள்ளைச் சட்டை, நெற்றிக்கு ஏற்றிவிட்ட மூக்குக்கண்ணாடி, வாய் நிறையச் சிரிப்பு. வயலின்காரர்களிடம் நலம் விசாரித்தார். செல்லோ வாசிப்பவரின் புதுச் செருப்பைப் புகழ்ந்தார். தபேலாக்காரரிடம் ஒரு பழைய நகைச்சுவையைச் சொல்லி, அவர் சிரிப்பதற்கு முன் தாமே சிரித்தார். கெட்ட மனிதரல்லர். பிறருடைய வெளிச்சத்தில் நெடுநாள் நின்றால் அது தம்மிடமிருந்தே வருகிறது என்று தோன்றிவிடும். அந்தத் தோற்றம் அவருக்கு எப்போதோ வந்துவிட்டிருந்தது.

ஒரு சிக்கலை மட்டும் யாரும் எதிர்பார்க்கவில்லை.

இயக்குநர் நேரே கட்டுப்பாட்டு அறைக்குள் வந்து, அதே சோபாவில், தங்கைக்குத் தோளோடு தோளாக உட்கார்ந்துவிட்டாள்.

இதுவரை அந்த அறையில் குடும்பத்தைத் தவிர வேறெவரும் இருந்ததில்லை. இப்போது எப்படி எண்ணுவது? முந்தானைக்குள் மைக்கை மறைத்துக்கொண்டு அவள் இருமுவதுபோல் எண்ணினாள். கண்ணாடிக்கு அந்தப் புறம் மாஸ்டரின் காதில் விழுந்ததோ காற்று மட்டும். அவர் கை தடுமாறியது. வயலின்கள் ஒரு பக்கம் போயின, செல்லோ வேறொரு பக்கம் போயிற்று, புல்லாங்குழல் யாரைப் பின்பற்றுவது என்று தெரியாமல் நடுவில் நின்றது.

மறுபடி ஒரு டேக். மறுபடியும் அதே அலங்கோலம்.

எந்திரத் தாளத்தை ஓடவிட்டு வாசிக்கச் செய்யலாமா என்று மகள் கேட்டாள். இயக்குநர் தலையசைத்து மறுத்தாள். படத்தில் அது எப்படிப்பட்ட இடம்! வாழ்நாளெல்லாம் பிறர் வீட்டில் இருந்த ஒருத்தி, தன் சம்பளத்தில் வாடகைக்கு எடுத்த அறைக்குள் முதன்முதலாகக் கால் வைக்கிறாள். அந்த மெட்டு நடக்கிறது, நிற்கிறது, மூச்சு வாங்குகிறது. எந்திரம் மூச்சு வாங்குமா?

மூன்றாவது டேக்கும் சரிந்தபோது இயக்குநரின் முகம் மாறியது. ஆத்திரப்பட்டிருந்தால்கூடத் தாங்கியிருக்கலாம். அவள் மிகவும் மரியாதையாகப் பேசினாள்.

"அடுத்ததும் வரலைன்னா, அந்த இடத்தை மௌனமாவே விட்டுடறேன். மியூசிக்கே வேண்டாம். மத்ததுக்கு வேற யாரையாவது பார்த்துக்கறேன்."

தங்கை முந்தானைக்குள் மைக்கை இறுகப் பிடித்தாள். மௌனமா? அந்தப் பெண் அந்த அறைக்குள் நுழையும்போது, அவளுக்குத் துணையாக இந்த நான்கு அடிகூட இருக்காதா?

*

இடைவேளை விடப்பட்டது.

தாய் தாழ்வாரத்துக் குழாயில் முகம் கழுவப் போனாள். இயக்குநர் உள்ளே போய் வாத்தியக்காரர்களோடு பேசிக்கொண்டிருந்தாள். மகள் தேநீர்க் கோப்பையோடு திரும்பியபோது, கட்டுப்பாட்டு அறையில் மாமா தனியாக இருந்தார். மேசையின் மேல் கவிந்து எதையோ தேடிக்கொண்டிருந்தார்.

"என்ன மாமா?"

"கண்ணாடியைக் காணோம், பொத்தான்."

அது அவர் நெற்றியின் மேலேயே இருந்தது. மகள் அதைச் சொன்னதும் அவர் தொட்டுப் பார்த்துச் சிரித்துவிட்டு, வயசாயிட்டு வருது என்று முணுமுணுத்தபடி வெளியேறினார். அவளுக்கும் சிரிப்பு வந்தது. தாயின் மேல் இருந்த கோபத்தில் அது பாதியிலேயே நின்றது.

ஏனென்றால் தாய் திரும்பி வந்ததும் மறுபடி சோபாவில்தான் போய் அமர்ந்தாள்.

"உள்ள போம்மா" என்றாள் மகள்.

"இந்த ஒண்ணு முடியட்டும்."

"எந்த ஒண்ணும்மா? நான் பொறந்ததுலேருந்து இந்த ஒண்ணுதான் நடந்துக்கிட்டு இருக்கு."

தாய் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த வேளையில்தான் ஒரு நல்லது நடந்தது. உள்ளேயிருந்த இயக்குநர், இந்த முறை தான் வயலின்களுக்குப் பக்கத்திலேயே இருந்து கேட்கப் போவதாகச் சொல்லி, உபரியாகக் கிடந்த ஒரு ஹெட்ஃபோனை எடுத்து மாட்டிக்கொண்டாள்.

சோபாவில் பக்கத்து இடம் காலி. இனி முந்தானை வேண்டியதில்லை, இருமல் வேண்டியதில்லை. அவள் மைக்கை வெளியே எடுத்தாள். முதுகை நிமிர்த்தினாள். பதிவு தொடங்கியதைக் காட்டும் சிவப்பு விளக்கு எரிந்தது. வாய் திறந்து, தன் சொந்தக் குரலில், தன் வழக்கமான எண்ணிக்கையை எண்ணினாள்.

"கதவ. சாத்து. காத்து. வருது."

வில்கள் ஒன்றாக இறங்கின.

என்ன இறக்கம் அது! ஒரே மூச்சில் நாற்பது கைகள். மாஸ்டரின் கை அசைவதற்கு முன்பே இசை புறப்பட்டுவிட்டது. அவள் சொல்லிக்கொண்டே போனாள். அண்ணா, இங்க நிறுத்து. அண்ணா, செல்லோவை வரவிடு, அவர் பாவம் காத்துக்கிட்டிருக்கார். புல்லாங்குழலுக்கு மட்டும் கைய காட்டு, மத்தவங்களுக்கு வேண்டாம். இப்ப மூச்சு. இப்ப எல்லாரும் உள்ள வாங்க, மெல்ல, புது வீட்டுக்குள்ள வர்ற மாதிரி.

எல்லோரும் வந்தார்கள். மெல்ல வந்தார்கள். புது வீட்டுக்குள் வருகிற மாதிரியே வந்தார்கள்.

மகளுக்கு மயிர்க்கூச்செறிந்தது. முதலில் இசையால். பிறகுதான் அவள் கண் மேசையின் மேல் விழுந்தது.

தாயின் மைக் யாருக்குக் கேட்க வேண்டும் என்பதற்கு அங்கே இரண்டு பொத்தான்கள். ஒன்றின் மேல் 'மாஸ்டர்' என்று ஒட்டியிருக்கும். மற்றொன்றின் மேல் 'எல்லாரும்'; அதை அழுத்தினால் உள்ளே ஹெட்ஃபோன் மாட்டிய அத்தனை பேருக்கும் கேட்கும். எப்போதும் முதலாவதில் எரியும் பச்சை விளக்கு, இன்று இரண்டாவதில் எரிந்துகொண்டிருந்தது.

அவள் விரல் அதை நோக்கிப் பாய்ந்தது. பாதி வழியில் நின்றது. இப்போது அணைத்தால் அந்தக் குரல் அறுந்துபோகும். குரல் அறுந்தால் இசை சரிந்துபோகும். மகள் தன் கையைத் தானே பிடித்து மடியில் வைத்துக்கொண்டாள்.

கடைசிச் சுரம் கூரையில் தங்கி, தேய்ந்து, அடங்கியது. சிவப்பு விளக்கு அணைந்தது.

 பிறகு வாத்தியக்காரர்கள், ஒவ்வொருவராக, மாஸ்டரின் முகத்திலிருந்து பார்வையை விலக்கிக் கண்ணாடியின் பக்கம் திருப்பினார்கள்.

இயக்குநர் ஹெட்ஃபோனைக் கழற்றாமலே கேட்டாள்.

"யார் குரல் அது?"

மகள் எழுந்து, தவறு தன்னுடையது, விரல் மாறிப் பட்டுவிட்டது என்று சொல்ல வாயெடுத்தாள். தாய் அவள் தோளில் கைவைத்து உட்காரவைத்தாள். மைக்கை வாயருகே கொண்டுபோனாள். பொய் சொல்ல அவளுக்கு வசதி இருந்தது. மழுப்ப வாய்ப்பு இருந்தது. அந்த இரண்டையும் அவள் தொடவில்லை.

"என் குரல். பாட்டும் என்னோடதுதான். அடுத்த டேக்குக்கு நான் உள்ள வர்றேன்."

பிச்சையாகக் கேட்கவில்லை, வரமாக வாங்கவில்லை. தன்னுடையதை எடுத்துக்கொள்கிறேன் என்று அறிவித்தாள்.

முன்வரிசையில் இருந்த அதே வயலின்காரர், இப்போது தலை முழுக்க நரைத்தவர், வில்லை மடியில் வைத்தார். அன்றைக்கும் வைத்தார்; மறக்கக்கூடாது. எல்லோரும் அவர் வாயையே பார்த்தார்கள்.

"மாஸ்டர் கை எப்பவும் ஒரு இழை லேட்டாத்தான் இறங்கும்" என்றார். "நான் அதை ஸ்டைல்னு நினைச்சு, வீட்டுல எல்லார்கிட்டயும் பெருமையா சொல்லிக்கிட்டு இருந்தேன்."

சிரிப்பு வெடித்தது. அன்று போன்ற சிரிப்பன்று இது. அவர் சிரிக்கவில்லை. கண்ணாடியை நோக்கி, அம்மா உள்ள வாங்க என்று மட்டும் சொன்னார். 

இயக்குநர் மாஸ்டரின் பக்கம் திரும்பினாள். அவள் பார்வையில் கேலி இல்லை, கண்டிப்பு இருந்தது.

"அன்னைக்கு, துணைக்கு வந்தவங்கன்னு சொன்னீங்களே சார்?"

மாஸ்டர் ஹெட்ஃபோனைக் கழற்றினார். அதைக் கையில் வைத்துப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். எத்தனையோ ஆண்டுகள் இந்தக் காதுக்குள் இருந்த குரல், இன்று எல்லோர் காதிலும். 

"மாத்திச் சொல்லிட்டேம்மா. துணைக்கு வந்தவன் நான்."

*

இரண்டு கதவுகளைத் தாண்டித்தான் உள்ளே போக வேண்டும். ஒலி புகாதபடி பஞ்சு அடைத்த கனமான கதவுகள். இரண்டையும் அவளே தோளால் தள்ளித் திறந்தாள்.

நிற்கும் இடத்தில் இசைக்குறிப்புத் தாங்கி அண்ணனின் உயரத்துக்கு இருந்தது. திருகைத் தளர்த்தி, தன் மார்பு உயரத்துக்கு இறக்கி, மறுபடி முடுக்கினாள்.  எதிரே வில்கள், விரல்கள், கண்கள். இத்தனை காலமும் கண்ணாடி வழியே உதடசைவாக மட்டும் பார்த்தவர்களின் மூச்சுச் சத்தம் இப்போது கேட்டது. அவளுக்குத் தலை சுற்றியது. அச்சத்தால் அன்று, ஆனந்தத்தால்.

அண்ணன் ஹெட்ஃபோனை அவளிடம் நீட்டினார். அவள் வாங்கிக்கொண்டாள்.  அவர் வாசலை நோக்கி நடந்தார். நடந்தவர், வெளியே போனதும் கதவைத் திறந்தபடியே விட்டுவிட்டார். தாழ்வாரத்து மின்விசிறிக் காற்று உள்ளே புகுந்து குறிப்புத் தாளைப் படபடக்கச் செய்தது.

"அண்ணா" என்று அவள் கூப்பிட்டாள். "கதவ சாத்து, காத்து வருது."

அவ்வளவுதான். வில்கள் அத்தனையும் பாய்ந்து இறங்கின. இசை பொங்கிக்கொண்டு கிளம்பிவிட்டது.

"ஐயோ, இன்னும் இல்லைங்க" என்று அவள் இரு கைகளையும் வீசி நிறுத்தினாள். "அது அண்ணனுக்குச் சொன்னது."

கூடமே குலுங்கியது. செல்லோக்காரர் வாத்தியத்தைக் கட்டிக்கொண்டு சிரித்தார். இயக்குநர் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். சிரிப்பால்தானா என்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரியாது. அந்தச் சிரிப்புக்கு நடுவில் மாஸ்டர் திரும்பி வந்து, தங்கை சொன்னபடி, கதவைச் சாத்தினார்.

கட்டுப்பாட்டு அறைக்குள் வந்தவர், தங்கை உட்காரும் அதே இடத்தில் உட்கார்ந்தார். உள்ளே உடைந்திருந்த சோபாச் சுருள் அவரைக் குத்தியது. விலகி உட்கார்ந்து, அந்த இடத்தைக் கையால் தடவிப் பார்த்தார். இத்தனை நாளாக அவள் இதன் மேலா உட்கார்ந்திருந்தாள்?

மகள் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் உள்ளத்தில் ஒன்று உறுத்தியது. முதல் மூன்று டேக்கிலும் விளக்கு 'மாஸ்டர்' மேல்தான் எரிந்தது. இடைவேளைக்குப் பிறகு அந்தப் பொத்தான்களின் பக்கமே அவள் விரல் போகவில்லை. இடைவேளையில் இந்த மேசையருகே வந்தவர் ஒருவர்தான். நெற்றியில் இருந்த கண்ணாடியைத் தேடி வந்தவர்.

"மாமா, அந்தப் பொத்தானை..."

மாஸ்டர் உதட்டின் மேல் விரலை வைத்தார். மற்றொரு கையால் சுவரைக் காட்டினார்.

அங்கே சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம், அவள் கையை உயர்த்தினாள்.